அன்லிமிடெட் காயின் யாரிடம் இருக்கிறது?

ஏதாவது ஒரு மொபைல் கேமின் பெயரைப் போட்டு, பக்கத்தில் "அன்லிமிடெட் காயின்" என்று சேர்த்துத் தேடிப் பாருங்கள். டைமண்ட், யூசி, ஜெம், கோல்டு என்று எந்தப் பெயரில் கேட்டாலும், "இரண்டே நிமிடத்தில் 99,999" என்று கூவிக்கொண்டு பத்துப் பேர் வருவார்கள். நம் வகுப்பிலேயே பாதிப் பேர் ஒரு தடவையாவது தேடியிருப்பீர்கள். பொய் சொல்ல வேண்டாம் :-)

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அத்தனையும் டுபாக்கூர். ஆனால் "தம்பி, குறுக்கு வழி கூடாது, உழைத்து விளையாடு" என்று அட்வைஸ் பண்ணுவதற்காக நான் இதை எழுதவில்லை. அந்த அட்வைஸ்தான் எனக்கு எரிச்சல். அன்லிமிடெட் காயின் என்ற ஒன்று நிஜமாகவே இருக்கிறது. அது கேம் கம்பெனியின் கையில் இருக்கிறது. ஒரு காலத்தில் அதை அவர்களே நமக்குச் சும்மா கொடுத்தார்கள். இப்போது அதைப் பூட்டி வைத்துக்கொண்டு நமக்கே விற்கிறார்கள். விற்பதைக்கூட நேர்மையாக விற்பதில்லை. என் சண்டை அங்கேதான்.

சாவியை மாட்டி வைத்தது யார்?

2004-ல் வந்த ஜி.டி.ஏ. சான் ஆண்ட்ரியாஸை நினைத்துப் பாருங்கள். அண்ணன்மார்கள் வைத்திருந்த பழைய கம்ப்யூட்டரில் நம்மில் பலர் முதலில் விளையாடிய கேம் அதுதான். "ஹெசோயாம்" என்று தட்டினால் 2,50,000 டாலர், முழு உயிர், கவசம் எல்லாம் வந்துவிடும். ஓட்டிக்கொண்டிருக்கும் கார்கூட ரிப்பேர் ஆகிவிடும். 1999-ல் வந்த ஏஜ் ஆஃப் எம்பையர்ஸ் 2-ல் "ராபின் ஹுட்" என்று அடித்தால் 1000 தங்கம். 2000-ல் வந்த சிம்ஸில் "ரோஸ்பட்" என்றால் 1000 சிமோலியன். 2004-ல் வந்த சிம்ஸ் 2-ல் "மதர்லோட்" என்றால் ஒரே அடியில் 50,000.

இதெல்லாம் எந்த ஹேக்கரும் கண்டுபிடித்ததல்ல. கேமை எழுதியவர்களே உள்ளே வைத்தது. ஒவ்வொரு முறையும் முதலிலிருந்து சம்பாதித்துக்கொண்டிருந்தால் கேமைச் சோதித்துப் பார்க்க முடியாது அல்லவா? அதற்காகக் குறுக்குவழிகள் வைப்பார்கள். அதில் சிலவற்றை வேண்டுமென்றே நமக்கும் விட்டுவைத்தார்கள். திருட்டுச் சாவி இல்லை இது. வீட்டைக் கட்டியவரே வாசலில் மாட்டி வைத்த சாவி.

"அப்படி விளையாடினால் போர் அடிக்காதா?" என்பார்கள். அடிக்கும். ராபின் ஹுட்டை இருபது தடவை அடித்தால் தங்கத்துக்கு மதிப்பே இருக்காது. பணவீக்கத்தை எனக்கு முதலில் சொல்லிக் கொடுத்தது எகனாமிக்ஸ் புத்தகம் இல்லை, அந்தக் கேம்தான். போர் அடித்தாலும் அது என் கேம், என் போர். யாருக்கு என்ன நஷ்டம்?

அந்த நம்பர் எங்கே இருக்கிறது?

இப்போது ஏன் முடியவில்லை என்று கேட்டால், பதில் ரொம்ப சிம்பிள். உங்கள் காசைக் காட்டும் அந்த நம்பர் எங்கே எழுதப்பட்டிருக்கிறது என்று பாருங்கள்.

தனியாக ஆஃப்லைனில் ஆடும் கேமில் அது உங்கள் கம்ப்யூட்டரின் மெமரியில் இருக்கிறது. "சீட் இன்ஜின்" மாதிரி ஒரு சாஃப்ட்வேரில் 500 என்று தேடுவீர்கள். கேமில் 50 செலவழித்துவிட்டு வந்து, கிடைத்ததிலேயே 450-ஐத் தேடுவீர்கள். இப்படி இரண்டு மூன்று தடவை வடிகட்டினால் நம்பர் உட்கார்ந்திருக்கும் இடம் தெரிந்துவிடும். அங்கே எதை எழுதினாலும் அதுதான் உங்கள் காசு.

ஆன்லைன் கேமில் உங்கள் போனில் தெரிவது வெறும் படம். உண்மையான பேரேடு கம்பெனியின் சர்வரில் இருக்கிறது. போனில் தெரியும் நம்பரை மாற்றுவது, பேங்க் பாஸ்புக்கில் பேனாவால் இரண்டு சைபர் சேர்த்துவிட்டு ஏ.டி.எம். வாசலில் போய் நிற்பது மாதிரி. பாஸ்புக் உங்களுடையதுதான், கணக்கு உங்கள் கையில் இல்லை.

அப்படியானால் அந்த "ஜெனரேட்டர்" தளங்கள் என்னதான் செய்கின்றன? உங்கள் ஐடியைக் கேட்கும். ஒரு பச்சைக் கோடு 98 சதவீதம் வரை ஓடும். அப்புறம் "நீங்கள் மனிதர்தானா என்று சரிபார்க்க வேண்டும், இரண்டு ஆப் இன்ஸ்டால் செய்யுங்கள், ஒரு சர்வேயை நிரப்புங்கள்" என்று நிற்கும். அந்த இன்ஸ்டாலுக்கும் சர்வேக்கும் தளத்துக்காரருக்குக் கமிஷன். காயின் உருவாவது நிஜம்தான், அவருடைய பாக்கெட்டில். இன்னும் சிலர் பாஸ்வேர்டையே கேட்பார்கள். "மாட் ஏபிகே" என்று ஒன்று தருவார்கள். எஸ்.எம்.எஸ். படிக்கும் அனுமதியையும் சேர்த்துக் கேட்கும். யூ.பி.ஐ. இருக்கிற, ஓ.டி.பி. வருகிற அதே போனில்.

எங்கள் தெருவில் ஒன்பதாம் வகுப்புப் பையன் ஒருவன், இரண்டு வருடம் விளையாடிச் சேர்த்த அக்கவுண்டை இப்படித்தான் தொலைத்தான். பெரியவர்கள் எல்லாரும் "பேராசை" என்று அவனைத் திட்டினார்கள். ஒரு துப்பாக்கிக்கு மயில் கலரில் சட்டை மாட்ட அப்பாவின் ஒரு நாள் கூலி ஆகும் என்று ஒருவர் விலை வைத்திருக்கிறாரே, அவரை யாரும் திட்டவில்லை.

"அடுத்தவன் ஆட்டம் கெடுமே!"

இது நியாயமான எதிர்வாதம். பலர் சேர்ந்து ஆடும் கேமில் ஒருவர் மட்டும் காசை அச்சடித்தால் அது திருட்டுதான். நான் மறுக்கவே இல்லை.

டயாப்லோ 3 கதையைப் பாருங்கள். 2012-ல் வந்த அந்தக் கேமில் ஆட்டக்காரர்கள் பொருள்களை விற்க ஓர் ஏலச்சந்தை இருந்தது. நிஜ டாலருக்கும் விற்கலாம். 2013 மே மாதம் 1.0.8 என்ற அப்டேட்டில், ஒரே கட்டாக விற்கக்கூடிய தங்கத்தின் அளவைப் பத்து லட்சத்திலிருந்து ஒரு கோடியாக உயர்த்தினார்கள். ஏதோ ஒரு கணக்கு வழிந்துவிட்டது. பெரிய தொகையை ஏலத்தில் வைத்துவிட்டு ரத்து செய்தால், வைத்ததைவிட அதிகமாகத் திரும்பி வந்தது. சில மணி நேரத்தில் கோடிக்கணக்கில் இல்லை, லட்சம் கோடிக்கணக்கில் தங்கம் முளைத்துவிட்டது. பிளிஸார்டு ஏலச்சந்தையை அவசரமாக மூடி, அச்சடித்தவர்களின் அக்கவுண்டைத் தடை செய்தது. 2014 மார்ச்சில் அந்த ஏலச்சந்தையையே ஒரேயடியாக மூடிவிட்டார்கள்.

சரி. அடுத்தவர் கையில் இருக்கும் காசின் மதிப்பு குறையும்படி சும்மா அச்சடிப்பது குற்றம் என்று ஒப்புக்கொண்டோம். அப்படியானால், அந்த வேலையைச் செலவே இல்லாமல், தினமும், சட்டப்படியே செய்பவர் யார்? "இன்று மட்டும் 20 சதவீதம் போனஸ் ஜெம்" என்று விளம்பரம் வருகிறதே, அந்த ஜெம் எந்தச் சுரங்கத்திலிருந்து வந்தது?

அரசாங்கம் நோட்டு அடித்து லாபம் பார்ப்பதை நம் பாடத்தில் படிக்கிறோம். அதற்கும் காகிதச் செலவு உண்டு, சட்டம் உண்டு. நூறு ரூபாய் நோட்டில் ரிசர்வ் வங்கி ஆளுநர் வாக்குக் கொடுத்துக் கையெழுத்துப் போட்டிருக்கிறார். ஜெம்மில் யார் கையெழுத்து? விதிமுறையைப் படித்துப் பாருங்கள். பெரும்பாலும் இப்படித்தான் இருக்கும்: இதற்கு ரொக்க மதிப்பு இல்லை, பணம் திரும்பத் தரப்படாது, இது உங்கள் சொத்து இல்லை, பயன்படுத்த அனுமதி மட்டுமே. காசு வாங்கும்போது பணம், கேள்வி கேட்டால் விளையாட்டுப் பொருள்!

நடுவில் எதற்கு ஒரு காயின்?

நேராக ரூபாய்க்கே விற்கலாமே, எதற்கு ஜெம்? டெக்னிக்கல் காரணம் ஏதாவது இருக்குமோ என்று நினைக்காதீர்கள். எக்ஸ்பாக்ஸில் "மைக்ரோசாஃப்ட் பாயிண்ட்ஸ்" என்று ஒன்று இருந்தது. 80 பாயிண்ட் ஒரு டாலர். 2006-ல் ஒப்ளிவியன் கேமில் குதிரைக்கு ஒரு கவசம் 200 பாயிண்டுக்கு விற்றார்கள். எத்தனை டாலர் என்று மனக்கணக்காகச் சொல்லுங்கள் பார்ப்போம். இரண்டரை டாலர். வகுத்துப் பார்க்க நீங்கள் யோசித்த அந்த இரண்டு விநாடி இருக்கிறதே, அதற்காகத்தான் அந்தப் பாயிண்ட். 2013-ல் பாயிண்டைக் கைவிட்டு நேரடிப் பணத்துக்கு மாறினார்கள். கடை ஒன்றும் இடிந்து விழவில்லை.

இரண்டாவது உபயோகம் மிச்சம். ஓர் உதாரணத்துக்கு, பொருள் 400 ஜெம், பாக்கெட் 300, 500 என்றுதான் கிடைக்கும் என்று வைத்துக்கொள்ளுங்கள். 500 வாங்கினால் 100 மிஞ்சும். அதை வைத்து ஒன்றும் வாங்க முடியாது, இன்னொரு பாக்கெட் வாங்கினால்தான் உதவும். மளிகைக் கடை அண்ணாச்சி சில்லறை இல்லை என்று மிட்டாய் கொடுப்பார், அதையாவது வாயில் போட்டுக்கொள்ளலாம்.

நாம் படிக்கும் அக்கவுண்ட்ஸ் பாஷையில் சொன்னால், அந்த 100 ஜெம் கம்பெனிக்கு நீங்கள் கொடுத்த முன்பணம். பொருள் கொடுக்கும்வரை அது பொறுப்புப் பக்கத்தில் நிற்க வேண்டும். ஆனால் இவ்வளவு பேர் எப்படியும் கேட்டு வரமாட்டார்கள் என்று நியாயமாகக் கணிக்க முடிந்தால், அந்தப் பங்கை வருமானமாகக் காட்ட நம்முடைய இன்ட் ஏ.எஸ். 115-ம் அனுமதிக்கிறது. நீங்கள் மறந்துபோவதும் அவர்களுக்கு வருமானம்.

இதை நான் மட்டும் சொல்லவில்லை. கென்ஷின் இம்பாக்ட் கேமை வெளியிடும் நிறுவனம் அமெரிக்காவின் எஃப்.டி.சி.யோடு 2025 ஜனவரியில் 2 கோடி டாலர் கட்டச் சமரசம் செய்துகொண்டது. அடுக்கடுக்கான காயின்களால் உண்மையான செலவை மறைத்தார்கள் என்பதும் குற்றச்சாட்டுகளில் ஒன்று. பரிசுப் பெட்டிகளை நேரடிப் பணத்துக்கும் வாங்க வழி வைக்க வேண்டும் என்பது நிபந்தனைகளில் ஒன்று. அதே ஆண்டு மார்ச்சில் ஐரோப்பிய ஒன்றியத்தின் நுகர்வோர் அமைப்புகள், விலையை நிஜப் பணத்திலும் காட்டு, தேவைக்கு மேல் காயின் வாங்க வைக்காதே என்று கொள்கைகளை வெளியிட்டன. தென் கொரியாவில் 2024 ஜனவரியில், மேப்பிள் ஸ்டோரி கேமில் பெட்டிகளின் வாய்ப்பு விகிதத்தைக் கமுக்கமாக மாற்றியதற்காக நெக்ஸான் கம்பெனிக்கு சுமார் 1,160 கோடி வான் அபராதம்.

"ஃப்ரீயாகக் கொடுக்கிறார்கள், எப்படிச் சம்பாதிப்பார்கள்?"

தாராளமாகச் சம்பாதிக்கட்டும். காமர்ஸ் படிக்கிறவன் லாபத்துக்கு எதிரியாக இருப்பேனா? கேமை 500 ரூபாய்க்கு விற்கட்டும், சட்டையை 80 ரூபாய்க்கு விற்கட்டும். விலையை ரூபாயில் சொல்லட்டும், அவ்வளவுதான். அஞ்சு ரூபாய் பிஸ்கட் பாக்கெட்டில் எம்.ஆர்.பி. அச்சடிக்காவிட்டால் நம் நாட்டில் சட்டப்படி தப்பு. ஐந்நூறு ரூபாய் ஆகிற கேம் பொருளின் மேல் ஒரு வைரப் படமும் ஒரு நம்பரும் போட்டால் போதுமா?

"ஃப்ரீ" என்ற வாதமும் முழு உண்மை இல்லை. 2018-ல் வந்த அசாசின்ஸ் க்ரீட் ஒடிஸி முழு விலை கொடுத்து வாங்கித் தனியாக ஆடும் கேம். அதன் உள்கடையிலேயே அனுபவப் புள்ளியும் கேம் காசும் ஐம்பது சதவீதம் கூடுதலாகக் கிடைக்கும் "பூஸ்ட்" விற்றார்கள். இங்கே அடுத்தவன் ஆட்டமும் கெடாது, கம்பெனிக்கும் செலவில்லை. ராபின் ஹுட் செய்த அதே வேலை. அன்றைக்கு அதற்குப் பெயர் சீட் கோடு. விலைச்சீட்டு ஒட்டிய பிறகு பெயர் மைக்ரோ ட்ரான்ஸாக்ஷன்.

ஆகவே நான் கேட்பது நாலே நாலு:

1. ஒவ்வொரு பொருளின் பக்கத்திலும் ரூபாய் விலை.
2. 400 ஜெம் வேண்டுமென்றால் 400 மட்டும் வாங்க வழி.
3. கேமை மூடினாலோ அக்கவுண்டை நாமே மூடினாலோ, காசு கொடுத்து வாங்கிய மீதிக்குப் பணம்.
4. தனியாக ஆடும் கேமில் பழைய சீட் கோடு திரும்ப வேண்டும்.

இது வருகிறவரை, அன்லிமிடெட் வேண்டும் என்றால் நம்பர் உங்கள் மெஷினில் இருக்கும் கேமை ஆடுங்கள். ஹெசோயாம் அடித்துவிட்டு ராஜாவாகச் சுற்றுங்கள், ஒருத்தருக்கும் பதில் சொல்ல வேண்டியதில்லை. நம்பர் அவர்கள் சர்வரில் இருந்தால் எந்தத் தளத்திலும் ஐடியோ பாஸ்வேர்டோ கொடுக்காதீர்கள், தம்பி தங்கைகளுக்கும் சொல்லி வையுங்கள். சொல்லும்போது "பேராசைப்படாதே" என்று ஆரம்பிக்காதீர்கள். அந்த ஜெம் எத்தனை ரூபாய் என்று கணக்குப் போட்டுக் காட்டுங்கள். அதுவே போதும்.

ஒத்துக்கொள்ளாதவர்கள் தாராளமாகத் திட்டலாம். காரணத்தோடு திட்டுங்கள், விலையை ரூபாயில் போட்டுத் திட்டுங்கள்.