பாலாமணிக்காக ஓடிய ரயில்

பாலோவில் இருக்கும் எங்களுக்கு ரயில் அன்றாடப் பழக்கம். வேலைக்குப் போக, பிள்ளைகளைப் பார்த்துவர என்று ஏறுகிறோம். நாடகம் பார்ப்பதற்கென்றே சிறப்பு ரயில் விட்டார்கள் என்றால் நம்புவீர்களா?

நூறு ஆண்டுகளுக்கும் முன்பு, தமிழ்நாட்டுக் கும்பகோணத்தில் அது நடந்தது. மேடையில் இருந்தவர் பாலாமணி அம்மாள். அன்றைய நாடகங்களில் பெண் வேடங்களையும் பெரும்பாலும் ஆண்களே கட்டினார்கள். 'ஸ்திரீ பார்ட்' என்பார்கள். பாலாமணியோ பெண்களே நடிக்கும் கம்பெனியை நடத்தினார். ராஜபார்ட் முதல் எல்லா வேடமும் பெண்களுக்குத்தான். நடித்தவரும் அவர், நடத்தியவரும் அவர். ஆதரவற்ற பெண்கள் பலருக்கு அந்தக் கம்பெனி சோறும் தொழிலும் தந்தது. அவருடைய 'தாரா சசாங்கம்' நாடகத்துக்கு வெளியூர்களிலிருந்து கூட்டம் ரயிலேறி வந்தது.

இத்தனை புகழ் பெற்றவர், கடைசிக் காலத்தை மதுரையில் வறுமையில் கழித்தார். கைத்தட்டல் முதுமைக்குச் சோறு போடவில்லை.

இன்று கோயில் திருவிழாவிலும் பள்ளி விழாவிலும் நம் பெண்பிள்ளைகள் மேடையேறுகிறார்கள். அதையே தொழிலாக்க நினைத்தால், "நாடகம் சோறு போடுமா?" என்று வீட்டில் கேட்கிறோம். நியாயமான கேள்விதான். ஆனால் பதில் பாதி நம் கையில் இருக்கிறது. கல்யாண மொய்க்கு ஐம்பது வெள்ளி வைக்கத் தயங்காத நாம், நாடகம் என்றால் மட்டும் இலவச டிக்கெட் தேடுகிறோம்.

அடுத்த நாடகத்துக்குக் குடும்பத்தோடு போங்கள். டிக்கெட்டைக் காசு கொடுத்தே வாங்குங்கள்.