பாட்டு எப்படித் தேசத்துரோகம் ஆனது?



நம் ராயபுரத்தில் சனிக்கிழமை மாலை எப்படி இருக்கும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. பனியன் கம்பெனியில் வாரச் சம்பளம் கைக்கு வரும். அது வீடு போய்ச் சேர்வதற்குள் டாஸ்மாக் கடை குறுக்கே நிற்கும். 2003 முதல் மதுவின் சில்லறை விற்பனை அந்த நிறுவனத்தின் வசம். அதாவது, விற்பது அரசு!

இந்த அநியாயத்தைப் பாட்டாக்கி வீதிக்குக் கொண்டு வந்தவர்கள் மக்கள் கலை இலக்கியக் கழகத்தின் கோவன் குழுவினர். அவர்கள் இறைமறுப்பாளர்கள். கொள்கையில் நமக்கும் அவர்களுக்கும் ஏணி வைத்தாலும் எட்டாது. இசை கூடுமா கூடாதா என்ற மஸ்அலாவையும் நான் மறக்கவில்லை. ஆனால் இங்கே கேள்வி அதுவல்ல.

2015ஐ நினைத்துப் பாருங்கள். உணவகத்தில் ‘அம்மா’, குடிநீர் பாட்டிலில் ‘அம்மா’, உப்புப் பாக்கெட்டில் ‘அம்மா’. திரும்பிய பக்கமெல்லாம் முதலமைச்சரின் சிரித்த முகம். மதுக்கடைப் பலகையில் மட்டும் அந்த முகம் இல்லை! ஏன்? இரண்டையும் நடத்தியது ஒரே அரசுதானே? கோவன் குழுவினர் செய்த ‘குற்றம்’ இதுதான்: அந்த முகத்தையும் அந்தக் கடையையும் ஒரே பாட்டில் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்தினார்கள். கோடிக்கணக்கில் செலவழித்துக் கட்டிய விளம்பரத்தை ஒரு பறையும் நாலு குரலும் அசைத்துவிட்டன.

அக்டோபர் 30, விடியும் முன்பே திருச்சியில் கோவன் கைதானார். எந்தச் சட்டத்தில்? 124ஏ, தேசத்துரோகம்! 1908ல் வ.உ.சி. மீது வெள்ளையன் ஏவிய அதே பிரிவு. வன்முறையைத் தூண்டாத வரை அரசைக் கண்டிப்பது தேசத்துரோகமாகாது என்று 1962லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டதே, அது காவல்துறைக்குத் தெரியாதா? நவம்பர் நடுவில் ஜாமீன் கிடைத்தது. அதற்குள் அந்தப் பாட்டு எங்கெல்லாம் போய்விட்டது! அடக்க நினைத்தவர்களே அதற்கு மேடை போட்டுக் கொடுத்தார்கள்.

சரி, அது அந்த ஆட்சியின் குணம் என்பீர்கள். 2018ல் ராமராஜ்ய ரத யாத்திரையைக் கண்டித்துப் பாடியதற்காக ஏப்ரலில் மறுபடியும் கைது. இம்முறை பாட்டில் இருந்தது பிரதமர். ஆள் மாறினார், விலங்கு மாறவில்லை.

நாம் என்ன செய்தோம்? மதுவின் கேட்டை மிம்பரில் முழங்குகிறோம். அதே மதுவை எதிர்த்துப் பாடியவர் சிறைக்குப் போனபோது எத்தனை பேர் வாய் திறந்தோம்? என்னையும் சேர்த்துத்தான் கேட்கிறேன். ‘பாட்டுக்காரன் விவகாரம்’ என்று ஒதுங்கினோம். 124ஏ பிரிவை 2022 மே மாதம் உச்ச நீதிமன்றம் நிறுத்தி வைத்தது. 2024 ஜூலையில் வந்த புதிய சட்டத்தில் அந்தப் பெயர் இல்லை. 152 என்ற எண்ணில் பல் இருக்கிறது. நாளை அது யார் வீட்டுக் கதவைத் தட்டும் என்று யாருக்குத் தெரியும்?

2017 ஏப்ரலில், நம் மாவட்டத்துச் சாமளாபுரத்தில் மதுக்கடையை எதிர்த்துப் பெண்கள் சாலையில் உட்கார்ந்தார்கள். ஒரு காவல் அதிகாரி ஒரு பெண்ணின் கன்னத்தில் அறைந்தார். படம்பிடித்த காட்சி நாடு முழுக்கப் போனது. நாமும் கைப்பேசியில் பார்த்து ‘அச்சச்சோ’ என்றோம். சாமளாபுரம் இங்கிருந்து ஒரு பஸ் தூரம். நாம் போனோமா?