அடுப்பில்லாமல் பதமாகும் கீரை

கீரை ஒன்று இல்லாத மதிய உணவை நம் மூத்தோர் நிறைவான உணவாகக் கொண்டதில்லை. முருங்கையிலை வறையும், பொன்னாங்காணிச் சுண்டலும், வல்லாரைச் சம்பலும் தலைமுறை தலைமுறையாக நம் இல்லங்களில் இடம்பெற்று வந்தவை. இவற்றுள் வல்லாரைச் சம்பல் அடுப்பின் முகம் காணாமலே இலைக்கு வருவது. பச்சையாக அரிந்து, வெங்காயமும் பச்சைமிளகாயும் தேங்காய்ப்பூவும் சேர்த்துத் தேசிக்காய்ப்புளி விட்டுப் பிசறிய அக்கணமே அது உண்ணத்தக்கதாகிவிடுகிறது.

அண்மைக் காலத்தில் மலைநாட்டு மரக்கறித் தோட்டங்களிலிருந்து கேல் என்னும் கீரை நம் நகரச் சந்தைகளுக்கும் பல்பொருள் அங்காடிகளுக்கும் வரலாயிற்று. கரும்பச்சை நிறமும், ஓரமெல்லாம் சுருண்டு நெளிந்த தோற்றமும் கண்ணைக் கவர்கின்றன. ஆயினும், ஒருமுறை வாங்கியவர் பலர் மறுமுறை அதன் பக்கம் திரும்புவதில்லை. காரணம் வினவினால், "கசக்கிறது, பல்லுக்கு வசப்படுவதில்லை" என்பர். குற்றம் கீரையினுடையதன்று, அதைக் கையாளும் முறையினுடையதே என்பதனை நாம் எம் வீட்டு அனுபவத்தினாலேயே கற்றுக்கொண்டோம். அதனை இவ்வாரம் வாசகர்களோடு பகிர்ந்துகொள்ள விழைகின்றோம்.

எம் இல்லத்தில் நிகழ்ந்தது

உயர்தரப் பரீட்சைக்குப் படித்துக்கொண்டிருந்த எம் மகள் சில நாட்களாகச் சோர்வுற்றிருந்தாள். இரத்தத்தைச் சோதித்த வைத்தியர் இரும்புச்சத்துக் குறைவென்று கூறி, மாத்திரையும் கொடுத்து, பச்சையிலைகளை நாள்தோறும் உணவிற் சேர்க்கும்படி சொல்லி அனுப்பினார். அன்று மாலையே ஒரு கட்டுக் கேல் வாங்கி வந்து, வல்லாரைச் சம்பல் செய்யும் முறையிலேயே செய்து பரிமாறினோம்.

மகன் முதற்கவளத்தை மென்றபடியே, "ஆட்டுக்குக் குழை கட்டினதுபோல இருக்குது" என்றான். மகள் பேசாமல் அதனைக் கோப்பையின் ஓரத்திற்கு ஒதுக்கினாள். எம் மாமியாருக்கு எழுபது கடந்துவிட்டது. கடைவாய்ப் பற்கள் பெரும்பாலும் இல்லை. பிறர் மனம் நோகக்கூடாதென்று நெடுநேரம் மென்று பார்த்தவர், ஈற்றில், "இது பனையோலையோ, பிள்ளை?" என்று மெல்லக் கேட்டார். எல்லோரும் சிரித்தோம். ஆனால், அவர் அன்று வெறுஞ் சோற்றையும் பருப்பையும் மட்டுமே உண்டெழுந்தது எம் மனத்தை உறுத்திக்கொண்டே இருந்தது.

மிஞ்சியதை எறிய மனமின்றி மூடிக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்தோம். மறுநாள் வறையாக்கிவிடலாமென எடுத்துச் சிறிது சுவைத்தபோது வியப்புற்றோம். முன்னைய நாள் பல்லோடு மல்லுக்கு நின்ற இலை துவண்டு மென்மையுற்றிருந்தது. கசப்பும் பெரிதும் அடங்கியிருந்தது. தேங்காய்ப்பூ மட்டுமே சற்றுச் சளித்துப்போயிருந்தது. இவ்விலைக்கு வேண்டியது ஊறும் அவகாசம் என்பதும், தேங்காய்ப்பூ கடைசியிற் சேரவேண்டியது என்பதும் அன்று எமக்குப் புலனாயின. ஒரு நாள் முழுதும் காத்திராமல் அந்த மென்மையை ஒரு மணி நேரத்திற் பெறும் வழியையே கீழே தருகின்றோம்.

கோவாவின் உடன்பிறப்பு

கேல் நமக்கு முற்றிலும் அந்நியமானதன்று. கோவா, நோக்கோல், பூக்கோவா, புரோக்கோலி ஆகிய யாவும் கேலும் ஒரே தாவர இனத்தைச் சேர்ந்தவை. ஐரோப்பாவின் கடற்கரைப் பாறைகளில் தானே முளைத்த காட்டுக்கோவாவை மனிதர் பல நூற்றாண்டுகளாகத் தேர்ந்து பயிரிட்டதால் ஒன்று இலையை உருண்டையாக மூடிக்கொண்டது. ஒன்று தண்டு பருத்து நோக்கோலாயிற்று. ஒன்று பூவாய்த் திரண்டது. இலையை விரித்தபடியே நின்று, முன்னோரின் சாயலை அதிகம் இழவாதது கேல்.

ஸ்கொத்லாந்தில் வீட்டுத் தோட்டத்தையே கேலின் பெயரால் அழைக்குமளவிற்கு அஃது ஏழை எளியோரின் உணவாக விளங்கிற்று. போர்த்துக்கல் நாட்டவர் இவ்வினத்து இலையை மயிரிழையாக அரிந்து, உருளைக்கிழங்குச் சூப்பிலிட்டு இன்றும் அருந்துகின்றனர். அவர்கள் மொழியில் இவ்வினத்திற்கு வழங்கும் 'கோவ்' என்னும் சொல்லிலிருந்தே நம் 'கோவா' பிறந்தது. பாணும் குசினியும் அலுமாரியும் வந்த வழியே இச்சொல்லும் வந்து நம் நாவிற் குடிகொண்டது.

குளிர் நாடுகளில் உறைபனி பட்ட பின்னரே கேல் சுவை மிகும் என்பர். கடுங்குளிரைத் தாங்கும்பொருட்டு அச்செடி தன் மாப்பொருளைச் சர்க்கரையாக மாற்றிக்கொள்வதே அதற்குக் காரணம். நுவரெலியாவிலும் ஜனவரி, பெப்ரவரி மாதங்களில் சில விடியற்காலைகளில் உறைபனி படிவதுண்டு. எனினும், ஆண்டின் பெரும்பகுதி நமக்குக் கிட்டும் இலை அவ்வினிமையைப் பெறாதது. பனி செய்யாத வேலையை நாம் கையினாற் செய்யவேண்டியிருக்கிறது.

பதமாவது எவ்வாறு?

கேல் இலையின்மேல் நீரைத் தெளித்துப் பாருங்கள். சேமன் இலையிற்போல முத்து முத்தாக உருண்டோடும். உப்புக்காற்றையும் வெயிலையும் தாங்க அவ்விலை மெழுகுப் போர்வை ஒன்றைத் தரித்திருப்பதே அதற்குக் காரணம். ஆகவே, மேலே ஊற்றும் தேசிக்காய்ப்புளி உள்ளே புகாமல் வழிந்து அடியில் தங்கிவிடுகிறது. வல்லாரையின் மெல்லிலைக்கு இத்தடை இல்லை.

உப்பிட்டுக் கசக்கும்போது மெழுகுப் போர்வை குலைகிறது. இலையின் நுண்ணறைகள் உடைகின்றன. உப்பு உள்ளிருக்கும் நீரை வெளியே இழுக்கிறது. விறைப்பு நீங்கிய இலையினுள் இனிப் புளிப்பும் எண்ணெயும் எளிதிற் புகும். உப்பு நாவிற்குக் கசப்புப் புலப்படுவதையும் குறைப்பது. பாகற்காயை உப்பிட்டுப் பிசறி வைக்கும் நம் வழக்கத்திலும் இவ்வுண்மையே அடங்கியிருக்கிறது.

கழுவுதலே முதற்கடமை

பச்சையாக உண்ணும் எந்த இலையையும் கழுவுவதிற் சோம்பல் ஆகாது. அசுத்த நீர் பட்ட இலை வயிற்றோட்டத்தையும் நெருப்புக் காய்ச்சலையும் வீட்டிற்குள் கொண்டுவரக்கூடும். கேலின் சுருள்களுக்குள் சிறு பச்சைப் புழுக்கள் ஒளிந்திருப்பதும் வழக்கம். இலைகளைத் தனித்தனியே பிரித்து, உப்பு நீரில் பத்து நிமிடம் அமிழ்த்தி வைத்தால் புழுக்கள் கழன்றுவிடும். பின்னர் ஒவ்வோர் இலையையும் முன்னும் பின்னுமாக ஓடும் நீரிற் கழுவவேண்டும். கிணற்று நீரிலோ தாங்கி நீரிலோ ஐயமிருந்தால், கடைசிக் கழுவலுக்குக் கொதித்தாறிய நீரையே பயன்படுத்துங்கள். உப்பு நீரோ வினாகிரியோ கிருமிகள் அனைத்தையும் கொன்றுவிடுமென்று நம்பியிருத்தல் தவறு. கழுவிய இலையைத் தூய துணியில் ஒற்றி ஈரம் போக்கிய பின்னரே அரியவேண்டும்.

செய்முறை

நால்வருக்கு வேண்டியவை: கேல் 250 கிராம், உப்பு தலைதட்டி அரைத் தேக்கரண்டி, சாறுள்ள தேசிக்காய் ஒன்று, நல்லெண்ணெய் ஒரு மேசைக்கரண்டி, சின்ன வெங்காயம் எட்டு, பச்சைமிளகாய் இரண்டு, தேங்காய்ப்பூ நான்கு மேசைக்கரண்டி, மிளகுதூள் கால் தேக்கரண்டி, துருவிய பனங்கட்டி ஒரு சிட்டிகை, வறுத்து இடித்த கச்சான் இரண்டு மேசைக்கரண்டி. மச்சம் உண்போர் கச்சானுக்குப் பதிலாக மாசித்தூள் ஒரு மேசைக்கரண்டி சேர்க்கலாம்.

முதலில் நடுநரம்பை உருவி நீக்குங்கள். அடிக்காம்பை ஒரு கையாற் பிடித்து, மறு கையின் விரல்களை மேல்நோக்கி இழுத்தால் இலை தானே கழன்று வரும். காம்புகளை எறியவேண்டாம், பொடியாக அரிந்து பருப்பிலோ சொதியிலோ சேர்க்கலாம். இலைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிச் சுருட்டி, புகையிலை அரிவதுபோல் மிக நுண்ணிதாக அரியுங்கள்.

அகன்ற பாத்திரத்தில் இட்டு, உப்பைத் தூவி, இரு கைகளாலும் அள்ளிப் பிசைந்து கசக்குங்கள். மூன்று நிமிடத்திற் கொள்ளளவு பாதியாகச் சுருங்கும். நிறம் கறுத்துப் பளபளக்கும். கையில் ஈரம் கசியும். இதற்குமேற் பிசைந்தால் குழைந்துவிடும். வடிந்த நீர் மிகுதியாயின் இலேசாகப் பிழிந்துவிடுங்கள். அதன்பின் தேசிக்காய்ப்புளி, பனங்கட்டி, மிளகுதூள், நல்லெண்ணெய் ஆகியவற்றை நன்கு கலந்து இலைமீது ஊற்றிப் பிசறி, மூடி, குளிர்சாதனப் பெட்டியில் முக்கால் மணி முதல் ஒரு மணி நேரம் வரை வைத்துவிடுங்கள். பெட்டி இல்லாதோர் நிழலான இடத்தில் அரைமணி நேரம் வைத்தாலும் போதும்.

பரிமாறும் தறுவாயிலேயே வெங்காயத்தையும் பச்சைமிளகாயையும் அரிந்து சேர்த்து, தேங்காய்ப்பூவையும் கச்சானையும் தூவுங்கள். நம் நாட்டு வெப்பத்தில் தேங்காய்ப்பூ விரைவிற் பழுதுபடும்; கச்சானும் ஊறினால் மொறுமொறுப்பை இழக்கும். இவை சேராத ஊறிய இலை குளிர்சாதனப் பெட்டியில் இரண்டு நாள் வரை இருக்கும். ஆகவே, விடுதி அறைகளில் அடுப்பு வசதியின்றி வாழும் மாணவர்க்கும் இஃது உகந்தது. ஒருநாள் பிசைந்து வைத்தால் இருநாள் மதியச் சோற்றுக்கு உதவும்.

கேல் கிடைக்காதோரும், விலை கண்டு தயங்குவோரும் நோக்கோலின் இளந்தழையைக் கொண்டு இதே முறையிற் செய்யலாம். கிழங்கை வாங்கி இலையை வியாபாரியிடமே விட்டு வருவோர் பலர். அத்தழை சற்றே முரடாதலால் மேலும் இரண்டு நிமிடம் பிசைந்து, கூடுதலாக அரைமணி நேரம் ஊறவிடுதல் வேண்டும்.

உடலுக்கு உதவுமாறு

கீரையிலுள்ள இரும்புச்சத்து, மீனிலும் இறைச்சியிலும் உள்ளதுபோல் எளிதில் உடலிற் சேர்வதில்லை. உடன் உண்ணும் தேசிக்காயின் விற்றமின் சீ அதனைச் சேரச் செய்யும். ஆனால், உண்டு முடித்த கையோடு தேநீர் அருந்தும் நம் வழக்கம் அப்பயனைக் கெடுத்துவிடுகிறது. தேநீரை ஒரு மணி நேரமேனும் தள்ளிப் போடுங்கள். கண்ணுக்கு நலந்தரும் கரோட்டீன் கொழுப்போடு சேர்ந்தே உடலிற் சுவறுமாதலின், நல்லெண்ணெயும் தேங்காய்ப்பூவும் வெறும் சுவைக்காக மட்டும் சேர்க்கப்பட்டவையல்ல. கேலிலுள்ள சுண்ணாம்புச் சத்தும் பசளிக்கீரையில் உள்ளதைவிட எளிதாக உடலிற் சேர்வது.

இங்கு ஓர் எச்சரிக்கையும் உண்டு. கேலில் விற்றமின் கே மிகுதி. இரத்தம் உறையாதிருக்க வாபரின் என்னும் மருந்தை உட்கொள்வோர், தம் வைத்தியரைக் கேளாது இக்கீரையைத் திடீரெனக் கூட்டவோ குறைக்கவோ கூடாது. கர்ப்பிணிகள், சிறு குழந்தைகள், நோயால் மெலிந்தோர் ஆகியோருக்கு அரிந்த இலையைக் கொதிநீரில் ஒரு நிமிடம் இட்டெடுத்துப் பிழிந்து, அதன்பின் புளி சேர்த்துக் கொடுப்பதே பாதுகாப்பானது. இரும்புச்சத்துக் குறைவுக்கு வைத்தியர் கொடுத்த மாத்திரையைக் கீரையை நம்பி நிறுத்துவதும் தகாது.

எம் மகள் மாத்திரையைத் தவறாது உட்கொண்டாள். கீரையையும் ஒதுக்காமல் உண்ணப் பழகினாள். மூன்று மாதங்களின் பின் செய்த சோதனையில் குறை நீங்கியிருந்தது. அதில் மாத்திரையின் பங்கே பெரிதென்பதை நாம் அறிவோம். கீரையின் பங்கை எமக்கு உணர்த்தியவர் மாமியாரே.

புதிய முறையிற் செய்த முதல் நாள், பழைய நினைவில் அவர் இலையைத் தொடவே தயங்கினார். "அப்பம்மா, இது பனையோலை இல்லை, சாப்பிட்டுப் பாருங்கோ" என்று பேத்தி தன் கையாற் சோற்றோடு குழைத்துக் கொடுத்தாள். அவர் மெல்ல மென்றார், விழுங்கினார், ஒன்றுஞ் சொல்லவில்லை. சிறிது நேரங் கழித்துத் தம் கோப்பையை எம் பக்கம் நகர்த்தி, "இன்னும் கொஞ்சம் போடு, பிள்ளை" என்றார்.