கையொப்பத்துக்கு முன் கணக்கு!

அம்பத்தூர்த் தொழிற்பேட்டையிலே உழைத்து, ஆவடியிலே வீடு தேடும் தோழனே! “மாதம் 26,035 ரூபாய்தானே” என்பார்கள். அந்தத் ‘தானே’யிலேதான் ஆபத்து இருக்கிறது!

30 இலட்சம் கடன். எட்டரை விழுக்காடு வட்டி. 20 ஆண்டுத் தவணை. வட்டி ஏறாதிருந்தாலே கட்டி முடிப்பது 62 இலட்சத்துக்கும் மேல்! முதல் தவணையில் வட்டி விழுங்குவது 21,250 ரூபாய்; அசலில் கழிவதோ வெறும் 4,785!

கடனே கூடாதென்று கூறவில்லை நாம். கணக்கறியாது கையொப்பமிடாதே என்கிறோம். 1-10-2024 முதல் தரப்படும் புதுக்கடன்களுக்கு, முழுக்கணக்கும் காட்டும் முக்கிய விவரத்தாளை வாங்குவோருக்குப் புரியும் மொழியிலே தரவேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. பிறகு ஏன் புரியாத தாளிலே அவசரக் கையொப்பம்?

தமிழிலே கேள்! தயங்காது கேள்! அது உன் உரிமை! கணக்கு கைக்கு வரட்டும்; பேனா பிறகு திறக்கட்டும்!