ஒக்டோபர் 30

சரித்திர பாடத்தில் மாணவர் பெரிதும் அஞ்சுவது திகதிகளுக்கே. மன்னர் பெயர்களும் போர்க்களங்களும் ஒருவாறு நெஞ்சில் நிற்கும். ஆண்டும் மாதமும் நாளுமோ பரீட்சை மண்டபத்தில் கைவிட்டுவிடும். சென்ற மாதம் எமது வகுப்பில் ஸ்பிரிங்வெளித் தோட்டத்து மாணவன் ஒருவன் எழுந்து, "சேர், திகதிகளைப் பாடமாக்குவதால் என்ன பயன்?" என்று வினவினான். அவனுக்கு விடை கூற நாம் எடுத்துக்கொண்டது ஒரேயொரு நாளை. அதனையே இன்று நேயர்கள் முன் வைக்கின்றோம்.

1909ஆம் ஆண்டு ஒக்டோபர் 30ஆம் திகதி பம்பாயில் ஹோமி பாபா பிறந்தார். இந்தியாவின் அணுசக்தி ஆராய்ச்சிக்கு அடிகோலிய பேரறிஞர் அவர். அதே திகதியில், 1961ஆம் ஆண்டு, வடதுருவப் பகுதியிலுள்ள நோவயா செம்லியாத் தீவின் மீது சோவியத் யூனியன் ஓர் அணுகுண்டை வெடித்துச் சோதித்தது. ஏறத்தாழ 5 கோடி தொன் வெடிமருந்துக்கு நிகரான ஆற்றல் வாய்ந்த அக்குண்டை விஞ்சியது ஒன்று இன்றளவும் வெடிக்கப்படவில்லை. அணுவை ஆக்கத்துக்குப் பயன்படுத்த விழைந்தவர் பிறந்த நாளும், அதன் அழிவாற்றல் உச்சத்தைத் தொட்ட நாளும் ஒன்றாயின.

1928ஆம் ஆண்டு அதே நாளில், லாகூர் நகரில், சைமன் கமிஷனை எதிர்த்து ஊர்வலம் நடத்திய லாலா லஜபதி ராய் பொலிஸாரின் தடியடிக்கு ஆளானார். பதினெட்டு நாட்களின் பின், நவம்பர் 17ஆம் திகதி, உயிர் துறந்தார். இந்தியர்களுடைய வருங்காலத்தை ஆராய அமைத்த அக்குழுவில் இந்தியர் ஒருவரேனும் இல்லை என்பதே அன்றைய எதிர்ப்பின் காரணம். தம்மைப் பற்றிய முடிவில் தம்மைக் கலந்துகொள்ளவில்லை என்னும் இக்குறையை நேயர்கள் நினைவில் கொள்க. முப்பத்தாறு ஆண்டுகளின் பின், அதே திகதியில், அக்குறை நம் மலைகளிலும் எழுந்தது.

1964ஆம் ஆண்டு ஒக்டோபர் 30, வெள்ளிக்கிழமை. புதுடில்லியில் இலங்கைப் பிரதமர் திருமதி சிறிமாவோ பண்டாரநாயக்காவும் இந்தியப் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டனர். 1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டத்தால் நாடற்றவராக்கப்பட்ட இந்திய வம்சாவளி மக்கள் அப்போது 9 இலட்சத்து 75 ஆயிரம் பேர் எனக் கணக்கிடப்பட்டது. அவர்களுள் 5 இலட்சத்து 25 ஆயிரம் பேரை இந்தியா ஏற்பதென்றும், 3 இலட்சம் பேருக்கு இலங்கை பிரஜாவுரிமை அளிப்பதென்றும் முடிவாயிற்று. எஞ்சிய 1 இலட்சத்து 50 ஆயிரம் பேரை 1974ஆம் ஆண்டில் இரு நாடுகளும் சரிபாதியாகப் பங்கிட்டுக்கொண்டன. கொழுந்து நிறுப்பதுபோல் மக்களை நிறுத்துப் பிரித்தனர். அவர்தம் விருப்பத்தை எவரும் முன்னர் கேட்டாரில்லை.

வினாவெழுப்பிய மாணவனோடு நாம் அவனது இல்லம் சென்றிருந்தோம். நமுனுகுலை மலைச்சரிவில், லயத்தின் கடைசிக் காம்பராவில் அவனுடைய அப்பாயி வாழ்கின்றார். ஒப்பந்தம் கைச்சாத்தானபோது அவருக்குப் பன்னிரண்டு வயது. "அண்ணன் இந்தியாவுக்கு எழுதிப் போட்டாரு, எங்கப்பா இங்கேயே இருக்க எழுதிப் போட்டாரு. ஒரே காம்பராவுல ரெண்டு நாடு, வாத்தியாரய்யா" என்றார். அண்ணனுக்குப் பாஸ்போர்ட் வந்தது; தந்தையின் விண்ணப்பத்துக்கோ பதிலே வரவில்லை. பதுளை ஸ்டேஷனில் அண்ணன் குடும்பத்தை வழியனுப்பிய காலையை அவர் மறந்தாரல்லர். தலைமன்னாருக்குச் சென்ற அந்த இரயில்களுக்கு மலையக மக்கள் இட்ட பெயர் 'ஒப்பாரிக் கோச்சி.' அங்கிருந்து கப்பலேறி இராமேஸ்வரம். பின்னர் நீலகிரியில் கூடலூர்த் தேயிலைத் தோட்டம். இங்கே பிறந்து வளர்ந்த அந்த அண்ணனுக்கு அங்கே கிடைத்த பட்டம் 'தாயகம் திரும்பியவர்' என்பது! உடன்பிறந்தோர் மீண்டும் சந்திக்கவேயில்லை.

கட்டாயமாக மக்களை அனுப்புவதை எதிர்த்துக் குரல் கொடுத்தவர்களுள் முதன்மையானவர் இலங்கைத் தொழிலாளர் காங்கிரஸ் தலைவர் சௌமியமூர்த்தி தொண்டமான். 1947ஆம் ஆண்டு நுவரெலியாவின் பிரதிநிதியாகப் பாராளுமன்றம் புகுந்தவர். தம் மக்கள் வாக்குரிமை இழந்ததைக் கண்டவர். 1978ஆம் ஆண்டில் அமைச்சரானவர். அவர் மறைந்த நாள் 1999ஆம் ஆண்டு ஒக்டோபர் 30! அவர் எதிர்த்த ஒப்பந்தத்துக்கு அன்றுதான் முப்பத்தைந்து ஆண்டு நிறைவு. இதனைத் தற்செயல் என்பதன்றி வேறென் சொல்வது?

ஆயின் இத்திகதியின் கதை அங்கே முடியவில்லை. 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம், எஞ்சியிருந்த நாடற்றோர்க்கு இலங்கைப் பிரஜாவுரிமை வழங்கியது. யாருக்கு அவ்வுரிமை? 1964ஆம் ஆண்டு ஒக்டோபர் 30 முதல் இந்நாட்டில் நிரந்தரமாக வாழ்ந்துவருவோர்க்கும், அவர்தம் வழித்தோன்றல்களாக இங்கு வாழ்வோர்க்கும் என்கிறது சட்டம். குடும்பங்களைக் கூறுபோட்ட அதே திகதி, முப்பத்தொன்பது ஆண்டுகளின் பின் உரிமைக்குச் சாட்சியாக வந்து நின்றது. அப்பாயிக்கும் அவ்வாறே பிரஜாவுரிமை கிட்டியது. அப்போது அவருக்கு வயது ஐம்பத்தொன்று. தாம் பிறந்த திகதியைத் திட்டமாகச் சொல்ல அறியாத அம்மூதாட்டி, இந்த ஒரு திகதியைத் தடங்கலின்றிச் சொல்கிறார். அவர் அதனைப் பாடமாக்கவில்லை, அதனோடு வாழ்ந்திருக்கிறார்.

திரும்பும் வழியில் எம் மாணவன் நெடுநேரம் பேசவில்லை. பின், "சேர், அந்த அண்ணனின் பேரப்பிள்ளைகளுக்கு இந்தத் திகதி தெரிந்திருக்குமா?" என்றான். நாம் விடை கூறவில்லை. மாணவ நேயர்களே, உங்கள் வீட்டிலும் இத்தகையதொரு திகதி இருக்கும். பெரியோர் உள்ளபோதே கேட்டு, ஒரு கொப்பியில் குறித்து வையுங்கள்.