புள்ளிப் பெருக்கமும் புலனின் எல்லையும்

இல்லமே திரையரங்காகும் காலம் வந்துவிட்டது என்பது இலத்திரனியற் கைத்தொழிலின் இன்றைய முழக்கமாகும். திரையிற் படப்புள்ளிகள் பெருகப் பெருகப் பார்வையாளர் காட்சியினுள் அமிழ்ந்துவிடுவர் என்றும், வீட்டுத் திரையரங்கின் எதிர்காலம் அப்பெருக்கத்திலேயே தங்கியுள்ளதென்றும் விற்பனையாளர் கூறுவர். இக்கூற்று ஆராய்ந்து மறுக்கப்படவேண்டியதாகும்.

4கே திரையில் ஏறத்தாழ 83 இலட்சம் படப்புள்ளிகள் உள்ளன. 8கே திரையில் 3 கோடி 32 இலட்சம். ஆயின், இயல்பான பார்வையுடைய கண் ஒரு பாகையின் அறுபதிலொரு பங்கிற்குக் குறைந்த இடைவெளியைப் பிரித்தறிதல் அரிது. 65 அங்குல 4கே திரையில் ஒரு புள்ளியின் அகலம் ஏறத்தாழ 0.37 மில்லிமீற்றர். 1.3 மீற்றருக்கு அப்பாலிருந்து நோக்குவோர்க்கு அப்புள்ளிகள் தனித்தனியே தோன்றா. இரண்டரை மீற்றர் தொலைவில் அமர்ந்திருப்போரிடம் அதே அளவுத் திரையில் நான்கு மடங்கு புள்ளிகளை விற்பது, காணவியலாத ஒன்றிற்கு விலை அறவிடுவதன்றி வேறென்ன?

மிகப் பெரிய திரைகளில் 8கே நுட்பத்திற்குப் பயனுண்டு என்பதை மறுப்பதற்கில்லை. ஜப்பானின் என்.எச்.கே. நிறுவனம் 2018 டிசம்பர் 1 இல் 8கே செய்மதி ஒளிபரப்பைத் தொடங்கியமை பொறியியற் சாதனையே. ஆனால் சாதனை வேறு, தேவை வேறு. 2010 ஆம் ஆண்டளவில் முப்பரிமாணத் தொலைக்காட்சியும் இவ்வாறே எதிர்காலமெனப் போற்றப்பட்டது. 2017 இல் எல்ஜி, சொனி ஆகியனவும் அதனைக் கைவிட்டன. தேவையைப் பண்டம் நிறைவுசெய்வதற்குப் பதிலாகப் பண்டமே தேவையைப் படைக்க முற்பட்டதன் விளைவு அது.

இதனினும் பெரிய முரண்பாடொன்றுண்டு. 4கே ப்ளூ-றே தட்டு செக்கனுக்கு 100 மெகாபிற்றுக்கும் மேற்பட்ட தரவு வழங்கவல்லது. நெற்பிளிக்ஸ் நிறுவனம் 4கே காட்சிக்கு வேண்டுமெனக் கூறும் இணைய வேகமோ 15 மெகாபிற். தரவு மிகையாகச் சுருக்கப்படுமிடத்து இருட்காட்சிகளிற் படலம் படர்கிறது, நுண்விபரம் மறைகிறது. இக்குறை கண்ணுக்குப் புலப்படுவது. எனினும் 2019 இல் சாம்சங் நிறுவனம் அமெரிக்கச் சந்தைக்கான புதிய ப்ளூ-றே கருவிகளை உருவாக்குவதை நிறுத்தியது. காணமுடியாத தெளிவு விற்கப்படுகிறது. காணக்கூடிய தெளிவு கைவிடப்படுகிறது. தட்டை வாங்கியவர் படைப்பின் பிரதியொன்றைத் தம்வசம் வைத்திருந்தார். சந்தா செலுத்துபவரிடம் எஞ்சுவது ஏதுமில்லை.

அமிழ்வுணர்வு புள்ளிகளால் மாத்திரம் பிறப்பதன்று. 2012 இல் திரையரங்கிலும் 2014 இல் வீட்டிலும் அறிமுகமான டொல்பி அட்மொஸ், ஒலியைத் தலைக்கு மேலிருந்தும் கேட்கச் செய்தது. திசையறியும் செவியின் ஆற்றலுக்கு இசைந்த முன்னேற்றம் அது. இருளுக்கும் ஒளிக்குமிடையிலான வேறுபாட்டை விரித்துக்காட்டும் நுட்பமும் அத்தகையதே.

எனவே, புலனறியும் தரமும் படைப்பின் மீது பார்வையாளர்க்குள்ள உரிமையுமே இத்தொழில்நுட்பத்தின் அளவுகோல்களாதல் வேண்டும். அவற்றைக் கேட்டுப் பெறாத சமூகம், வளர்ச்சியென்னும் பெயரில் வெறும் எண்களையே விலைகொடுத்து வாங்கும்.