தவணையும் மொத்தமும்

பாலாற்றங்கரையிலுள்ள மேல்விஷாரத்தில், தோல் தொழிலில் ஈட்டும் மாத ஊதியத்தை நம்பி வீட்டுக்கடன் பெறும் குடும்பம் முதலில் கேட்கும் வினா, “மாதத் தவணை எவ்வளவு?” என்பதே. அதனினும் முதன்மையானது, “மொத்தம் எவ்வளவு?” என்னும் வினா.

20 இலட்சம் ரூபாயை, ஆண்டுக்கு 9 விழுக்காடு மாறா வட்டியில், 20 ஆண்டுகளில் அடைப்பதாகக் கொள்வோம். மாதத் தவணை ஏறத்தாழ 17,995 ரூபாய். முதல் தவணையில் 15,000 ரூபாய் வட்டிக்கே சென்றுவிடும்; அசலில் குறைவது 2,995 ரூபாய் மட்டுமே. கடன் தீரும்போது செலுத்திய தொகை 43 இலட்சத்தைத் தாண்டியிருக்கும். அதே கடனை 15 ஆண்டுகளில் அடைத்தால், தவணை ஏறத்தாழ 2,290 ரூபாய் கூடும். மொத்தத்திலோ 6 இலட்சத்து 67 ஆயிரம் ரூபாய் மிஞ்சும். சிறிய தவணை எளிதாகத் தோன்றினும், நீண்ட காலம் அதன் விலையை வாங்கிவிடுகிறது.

கடன் பெறுதல் குற்றமன்று. கணக்கறியாது பெறுதலே கேடு. வட்டியையும் பிற கட்டணங்களையும் சேர்த்துக் காட்டும் தகவல் அறிக்கையை, கடன் பெறுவோர்க்குப் புரியும் மொழியில் அளிக்குமாறு ரிசர்வ் வங்கி பணித்துள்ளது. 2024 அக்டோபர் 1 முதல் வழங்கப்படும் வீட்டுக்கடன்களுக்கு இது பொருந்தும். மாறும் வட்டியில் கடன் பெற்ற தனிநபர், அதனை முன்கூட்டியே அடைத்தால் வங்கிகள் அபராதம் பெறலாகாது என்பது 2012 முதல் உள்ள விதி. எனவே, போனஸ் தொகையில் ஒரு பகுதியைத் தொடக்க ஆண்டுகளிலேயே அசலில் செலுத்துவது அறிவுடைமை.

மாணவர்களே, கூட்டுவட்டியை வகுப்பறையில் கற்றிருக்கிறீர்கள். பெற்றோர் கையொப்பமிடுமுன் அவ்வறிக்கையை அவர்களுக்குப் படித்துக் காட்டுங்கள். கற்ற கணக்கு வீட்டைக் காக்கட்டும்.